முறிவுக்கு இட்ட எண்



மாரிகாலத்து விடியற்பொழுதிலே கிணற்றடிக்குச் சென்ற மூதாட்டி ஒருவர், பாசி படர்ந்த தரையிற் கால் வழுக்கி விழுந்துவிடுகின்றார் என்று வைத்துக்கொள்வோம். விழுந்தவரால் எழுந்திருக்க இயலவில்லை. ஒரு கால் மற்றக் காலிலும் குறுகி, பாதம் வெளிப்புறமாகத் திரும்பிக் கிடக்கின்றது. ஓடிவந்த மகன் அயலாரை நோக்கி, "அம்மாவுக்கு இடுப்பு முறிஞ்சு போச்சு" என்று கூவுகின்றான். ஆசுபத்திரியில் வைத்தியர் எக்ஸ் கதிர்ப் படத்தைப் பார்த்து, தொடையெலும்பின் கழுத்து முறிந்திருக்கிறது என்று குறிப்பேட்டில் எழுதுகின்றார். சிகிச்சை முடிந்தபின் அந்தக் குறிப்பேடு பதிவறைக்குப் போகின்றது. அங்கே அம்மையாரின் பெயரும் ஊரும் ஒருபுறம் ஒதுங்கிவிட, அவருக்கு நேர்ந்த துன்பம் ஓர் எழுத்தாகவும் மூன்று இலக்கங்களாகவும் சுருங்குகின்றது. எஸ் 72.0 என்பதே அந்தக் குறியீடு.

மனிதரின் வேதனையை எண்ணாக்கிவிடுவது இரக்கமற்ற செயல் என்று சிலர் எண்ணக்கூடும். இலிகிதர்களின் வசதிக்காக ஏற்பட்ட வெறுஞ் சடங்கு என்று வேறு சிலர் கருதக்கூடும். ஆனால் இந்தச் சிறிய எண்ணுக்குப் பின்னால் நானூறு ஆண்டு வரலாறு ஒன்று உண்டு. சத்திர வைத்தியர்களும், இறந்தோரைக் கணக்கிட்டவர்களும், போர்க்களங்களிற் காயம்பட்டவர்களைக் காத்தவர்களும் சேர்ந்து எழுதிய வரலாறு அது. விழுந்தவர் கணக்கில் வந்தாலன்றி அவரைக் காப்பதற்கு வழி பிறப்பதில்லை என்பதை அந்த வரலாறு நமக்குக் காட்டுகின்றது. அதனையே இன்று உங்களுடன் பகிர்ந்துகொள்ள விழைகின்றேன்.

முதலில், அந்த மகன் சொன்ன சொல்லையே எடுத்துக்கொள்வோம். இடுப்பு என்ற நம் சொல் மிக விரிந்த பொருளுடையது. பிள்ளையை ஏந்தும் இடமும் இடுப்பு. சேலையைச் செருகும் இடமும் இடுப்பு. முதுமையில் நோவெடுக்கும் முதுகின் அடிப்பகுதியும் இடுப்பு. ஆனால் மூதாட்டிக்கு முறிந்தது இடுப்புக்கூட்டின் எலும்பு அன்று, தொடையெலும்பின் மேல்நுனி. உடலிலுள்ள எலும்புகளுள் மிக நீளமானதும் மிக வலியதும் தொடையெலும்பே. அதன் உச்சியில் ஒரு பந்து போன்ற தலை இருக்கின்றது. அத்தலை இடுப்புக் குழியினுள் அமர்ந்து சுழல்கின்றது. தலையையும் நீண்ட தண்டையும் சாய்வாக இணைக்கும் பாலமே கழுத்து எனப்படுவது. கழுத்து தண்டினைச் சேரும் இடத்தில் இரண்டு புடைப்புகள் உள்ளன. அவற்றுக்குக் கீழே தண்டு தொடங்கி முழங்கால்வரை செல்கின்றது. ஆகவே தொடையெலும்பு முறிவு என்று ஒரே பெயராற் சொன்னாலும், முறிந்த இடத்தைப் பொறுத்து அது வேறுவேறு துன்பமாகிவிடும்.

இந்த வேறுபாட்டை மேனாட்டு வைத்தியம் மெல்ல மெல்லவே உணர்ந்தது. பதினாறாம் நூற்றாண்டிற் பிரான்சு தேசத்தில் வாழ்ந்த அம்புறுவாசு பரே என்னும் சத்திர வைத்தியர், தொடையெலும்பின் கழுத்து முறியக்கூடும் என்பதை எழுதி வைத்த முன்னோடியாகக் கருதப்படுகின்றார். அதன்பின் பல தலைமுறைகள் கழிந்தன. 1822ஆம் ஆண்டில் இலண்டன் கைஸ் ஆசுபத்திரியைச் சேர்ந்த சேர் அஸ்ற்லி கூப்பர், மூட்டு விலகல்களையும் மூட்டருகே நேரும் முறிவுகளையும் பற்றிப் பெருநூல் ஒன்றை வெளியிட்டார். அக்காலத்தில் எக்ஸ் கதிர் இல்லை. அது 1895இல் றொண்ட்ஜன் கண்டுபிடித்தது. கூப்பருக்கு இருந்த கருவிகள் கண்ணும் கையும், இறந்தவர்களின் உடலை அறுத்துப் பார்த்துப் பெற்ற அறிவுமே.

இடுப்பு மூட்டைச் சுற்றி உறுதியான உறை ஒன்று இருக்கின்றது. முறிவு அவ்வுறைக்கு உள்ளே நேர்ந்ததா, வெளியே நேர்ந்ததா என்று கேட்டார் கூப்பர். உள்ளே நேர்ந்த முறிவுகள் பெரும்பாலும் பொருந்துவதில்லை. வெளியே நேர்ந்தவை பொருந்துகின்றன என்று அவர் கண்டார். அதற்குரிய காரணத்தையும் அவர் ஊகித்தார். தலைக்குச் செல்லும் இரத்தக் குழாய்களிற் பெரும்பாலானவை கழுத்தின் வழியாகவே ஏறிச் செல்கின்றன. கழுத்து முறியும்போது அவையும் அறுந்துபோகலாம். நீர்வரத்து நின்ற வயலைப்போல் எலும்பின் தலை பட்டுப்போகின்றது. புடைப்புகளின் பக்கத்திலோ இரத்தவோட்டம் நிறைய உண்டு. அங்கே முறிந்தால் எலும்பு மீண்டும் ஒட்டும். இன்றும் மூதாட்டி ஒருவருக்குக் கழுத்து முறிந்து துண்டுகள் விலகிவிட்டால், தலையை அகற்றி உலோகத் தலை பொருத்துவதையும், புடைப்புப் பகுதி முறிந்தால் ஆணியும் தகடும் கொண்டு இணைப்பதையும் வைத்தியர்கள் கைக்கொள்வதற்கு இந்த வேறுபாடே அடிப்படை. கழுத்து முறிவுக்கு எஸ் 72.0 என்றும், புடைப்புப் பகுதி முறிவுக்கு எஸ் 72.1 என்றும் தனித்தனி எண் இருப்பதற்கும் அதுவே வேர். கூப்பர் தம் கத்தியாற் கண்ட எல்லைக்கோடு இன்று ஒரு புள்ளிக்குப் பின்னால் நிற்கும் இலக்கமாக வாழ்கின்றது.

இனி, கணக்கெடுத்தவர்களின் கதைக்கு வருவோம்.

பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலண்டன் மாநகரிலே வாரந்தோறும் மரணப் பட்டியல்கள் வெளிவந்தன. கொள்ளைநோய் பரவுகின்றதா என்பதை அறிவதே அவற்றின் முதல் நோக்கம். ஒருவர் இறந்தால், அதற்கென நியமிக்கப்பட்ட முதிய பெண்கள் வீட்டுக்குச் சென்று உடலைப் பார்த்துக் காரணத்தை அறிவிப்பர். யோன் கிறான்ற் என்னும் துணி வணிகர் அப்பட்டியல்களைத் திரட்டி ஆராய்ந்து 1662இல் ஒரு நூல் வெளியிட்டார். மக்கட்கணக்கியலின் தொடக்கமாக அந்நூலை அறிஞர் போற்றுவர். ஆனால் அப்பட்டியல்களிலே இடுப்பருகே எலும்பு முறிந்து, மாதக்கணக்கிற் படுக்கையிற் கிடந்து மாண்ட மூதாட்டியைத் தேடினால் எங்கே காண்பது? முதுமை என்று ஒரு தலைப்பு உண்டு. பலவகை விபத்துக்கள் என்று ஒரு தலைப்பு உண்டு. அவர் இவற்றுள் ஒன்றிலே கரைந்துபோயிருப்பார். விபத்து எது, முறிந்த எலும்பு எது என்பதற்கு அங்கே இடமில்லை.

இங்கிலாந்தில் 1837இல் பிறப்பு இறப்புப் பதிவு அரசாங்கப் பணியாயிற்று. அப்பதிவகத்திற் புள்ளிவிவரம் தொகுத்த வைத்தியர் வில்லியம் பார். அவர் 1839இல் வெளியான முதலாவது ஆண்டறிக்கையிலேயே ஒரு குறையைச் சுட்டிக்காட்டினார். ஒரே நோய்க்குப் பல பெயர். ஒரே பெயருக்குப் பல நோய். மூல நோயை விட்டு அதன்பின் வந்த கோளாறுகளைப் பதிவதும் உண்டு. நிறையும் அளவும் பொருளியல் விஞ்ஞானங்களுக்கு எவ்வளவு இன்றியமையாதனவோ, சீரான பெயர் வரிசை இத்துறைக்கு அவ்வளவு இன்றியமையாதது என்பது அவர் கொண்ட கருத்து. வணிகர் இருவர் ஒரே படியால் அளக்காவிட்டால் நெல்லின் கணக்கு எவ்வாறு ஒத்துவரும்? நோய்க்கணக்கும் அவ்வாறே.

1853இல் புறூசெல்ஸ் நகரிற் கூடிய முதலாவது அனைத்துலகப் புள்ளிவிவர மாநாட்டில், எல்லா நாடுகளுக்கும் பொதுவான ஒரு பட்டியல் வேண்டும் என்ற தீர்மானம் கொண்டுவரப்பட்டது. அதனைக் கொண்டுவந்தவர் அஷில் கியார் என்னும் பிரெஞ்சு அறிஞர். பட்டியலை ஆக்கும் பொறுப்பு பாரிடமும், ஜெனீவாவைச் சேர்ந்த மார்க் தெஸ்பீன் என்பவரிடமும் ஒப்படைக்கப்பட்டது. 1855இல் இருவரும் இருவேறு பட்டியல்களைச் சமர்ப்பித்தனர். பார் நோய்களை ஐந்து பெரும் பிரிவுகளாக வகுத்தார். உறுப்புகளைச் சார்ந்த நோய்களை அவ்வவ்வுறுப்பின் இடத்தைக் கொண்டு அடுக்கினார். வன்செயலாலும் விபத்தாலும் நேர்ந்தவற்றுக்குத் தனிப்பிரிவு ஒன்றை ஒதுக்கினார். உடலின் இடத்தைக் கொண்டு வகுப்பது என்ற அந்த நெறி இன்றளவும் நிலைத்திருக்கின்றது. 1860இல் இலண்டனிற் கூடிய மாநாட்டிலே, தாதியர் குலத்துக்கே விளக்காகத் திகழ்ந்த புளோரன்ஸ் நைற்றிங்கேல் அம்மையார், பாரின் வகுப்பை ஆசுபத்திரி நோயாளரின் கணக்குக்கும் கையாள வேண்டும் என்று வற்புறுத்தினார். இறந்தவரை எண்ணினாற் போதாது. படுக்கையிற் கிடப்பவரையும் எண்ண வேண்டும் என்பதே அவருடைய வேண்டுகோளின் உட்பொருள். அது முழுமையாக நிறைவேறுவதற்கு ஏறத்தாழத் தொண்ணூறு ஆண்டுகள் சென்றன.

பாட்டனார் தொடங்கியதைப் பேரன் முடித்து வைத்த அழகையும் இங்கே குறிப்பிட வேண்டும். 1853இல் தீர்மானம் கொண்டுவந்த கியாரின் மகள் வயிற்றுப் பேரன் சாக் பெர்த்தியோன், பாரிஸ் நகரின் புள்ளிவிவரப் பகுதிக்குத் தலைவரானார். 1893இல் சிக்காகோவிற் கூடிய அனைத்துலகப் புள்ளிவிவரக் கழகத்தின் முன் அவர் வைத்த மரண காரணப் பட்டியல் பல நாடுகளின் ஏற்பைப் பெற்றது. 1900இல் பாரிசில் 26 நாடுகளின் பிரதிநிதிகள் கூடி, 179 தொகுதிகள் கொண்ட பட்டியலை ஏற்றனர். பத்தாண்டுக்கு ஒருமுறை திருத்துவது என்ற வழக்கமும் அக்காலத்தில் எழுந்தது. ஆயினும் அது மரணத்துக்கான பட்டியலே. கால் முறிந்து, கோலூன்றி, வீடு திரும்பிய மனிதருக்கு அதில் இடமில்லை. சாகாதவரின் துன்பம் கணக்கில் ஏறவில்லை.

இந்நிலையில் முதலாம் உலக யுத்தம் மூண்டது. துப்பாக்கிக் குண்டுகளாலும் பீரங்கிச் சிதறல்களாலும் தொடையெலும்பு உடைந்த போர்வீரர் ஆயிரக்கணக்கிற் கிடந்தனர். யுத்தத்தின் தொடக்க காலத்திலே இத்தகையோருள் நூற்றுக்கு 80 பேர்வரை மாண்டனர் என்று அக்காலத்து வைத்தியர்கள் எழுதியுள்ளனர். முறிந்த எலும்பின் கூர்முனைகள் ஒவ்வோர் அசைவிலும் தசையைக் குத்திக் கிழிக்க, இரத்தம் தொடைக்குள்ளேயே பெருகி உயிரைக் கொண்டுபோயிற்று. லிவர்ப்பூல் நகரிலே ஏழைத் தொழிலாளருக்கு வைத்தியம் பார்த்து 1891இல் மறைந்த ஹியூ ஓவன் தோமஸ் என்பவர் ஒரு கால்தாங்கி அமைத்திருந்தார். இரும்பு வளையமும் இரு நீண்ட கம்பிகளுமே அது. பரம்பரையாக எலும்பு கட்டும் குடும்பத்திற் பிறந்தவர் அவர். அவருடைய மருமகன் முறையான றொபேட் ஜோன்ஸ் அதனைப் போர்க்களத்துக்குக் கொண்டுவந்தார். காயம்பட்ட இடத்திலேயே காலை இழுத்துக் கட்டி அசையாமல் வைக்கும் முறை பரவிற்று. 1917இல் நிகழ்ந்த அறாஸ் யுத்தத்திற் சிகிச்சை பெற்ற ஏறத்தாழ ஆயிரம் பேருள், இறந்தோர் நூற்றுக்கு 16 அளவினரே என்று வைத்தியர் ஹென்றி கிறே அறிவித்தார். இக்கணக்குகளை அவ்வளவு நேராக ஒப்பிடலாமா என்று பிற்கால ஆராய்ச்சியாளர் சிலர் ஐயுறுவர். ஆயினும் ஒன்று தெளிவு. தொடையெலும்பு முறிவைக் காயங்கள் என்ற பொதுக்குவியலிலிருந்து பிரித்து எண்ணியபடியாலேதான், எளிய இரும்புத்தாங்கி உயிர் காத்தது என்று சொல்லவும், அதனை எல்லா முனைகளுக்கும் அனுப்பவும் இயன்றது.

இரண்டாம் உலக யுத்தம் ஓய்ந்தபின் உலக சுகாதார நிறுவனம் உருவாயிற்று. 1948 ஏப்ரலிற் பாரிசிற் கூடிய மாநாடு, பெர்த்தியோன் வழிவந்த பட்டியலின் ஆறாவது திருத்தத்தை நிறைவேற்றிற்று. இம்முறை இறப்புக்கும் நோய்க்கும் ஒரே வகுப்பு. நைற்றிங்கேல் அம்மையாரின் வேண்டுகோள் ஈடேறியது அப்போதுதான். சுதந்திரம் பெற்ற நம் இலங்கையும் அதே 1948இல் அந்நிறுவனத்தில் உறுப்பு நாடாயிற்று.

அந்த ஆறாவது திருத்தத்தில் ஓர் அரிய ஏற்பாடு இருந்தது. காயம் ஒவ்வொன்றுக்கும் இரண்டு எண்கள் வகுக்கப்பட்டன. உடலுக்கு என்ன நேர்ந்தது என்பதற்கு ஒன்று. அது எவ்வாறு நேர்ந்தது என்பதற்கு ஒன்று. முன்னதற்கு என் என்ற ஆங்கில எழுத்தும், பின்னதற்கு ஈ என்ற எழுத்தும் முன்னொட்டாக நின்றன. முறிந்த எலும்பும் வழுக்கிய தரையும் முதன்முறையாக அருகருகே நின்று சாட்சி சொல்லத் தொடங்கின.

இதன் பயனை நம் மூதாட்டியைக் கொண்டே விளங்கிக்கொள்ளலாம். அவர் படுக்கையிற் கிடக்கும் வாரங்களில் நெஞ்சிற் சளி கட்டி, நியூமோனியாக் காய்ச்சலால் இறந்துவிடுகின்றார் என்று கொள்வோம். அவர் எதனால் இறந்தார்? இறுதியாக வந்த காய்ச்சலைச் சொன்னால், அந்தக் கிணற்றடியும் பாசியும் கணக்கிலிருந்து தப்பிவிடும். அதனால் மரணத்துக்கு இட்டுச்சென்ற நிகழ்ச்சித் தொடரை முதன்முதலிலே தொடக்கிவைத்தது யாது என்று தேட வேண்டும் என்பது இந்த வகுப்பின் விதி. சங்கிலியைப் பிடித்துப் பின்னோக்கிச் சென்றால் காய்ச்சலுக்கு முன் படுக்கை, படுக்கைக்கு முன் முறிவு, முறிவுக்கு முன் வீழ்ச்சி. ஆகவே மரணக் கணக்கில் அவர் வீழ்ச்சியால் இறந்தவராகவே எண்ணப்படுவார். ஆனால் வைத்தியர் மரண அறிக்கையில் நியூமோனியா என்ற ஒரு சொல்லை மட்டும் எழுதிவிட்டால், விதி என்ன செய்யும்? எழுதாத சொல்லுக்கு எண் இடுவார் எவருமில்லை. குற்றவாளியை விட்டுவிட்டுச் சாட்சியைத் தண்டித்த கதையாகிவிடும்.

பின்னர் வந்த திருத்தங்களிலே கழுத்து முறிவு 820 என்றும், தொடையெலும்பின் ஏனைய பகுதிகளின் முறிவு 821 என்றும் நெடுங்காலம் வழங்கின. 1990இல் உலக சுகாதாரப் பேரவை ஏற்றுக்கொண்ட பத்தாவது திருத்தம், எண்ணுக்கு முன் எழுத்தையும் சேர்த்தது. காயங்களுக்கு உரிய எழுத்து எஸ். அதன் அடுக்கைப் பார்த்தால் நம்மவர்க்கு வியப்புண்டாகும். நம் புலவர்கள் தலைவனையோ தலைவியையோ முடி முதல் அடி வரை வருணிக்கும் கேசாதிபாதம் என்னும் முறையிலேயே அது அமைந்திருக்கின்றது. சுழியம் தலைக்கு, ஒன்று கழுத்துக்கு, இரண்டு மார்புக்கு, மூன்று வயிற்றுக்கும் இடுப்புக்கூட்டுக்கும், இவ்வாறு இறங்கி, ஏழு இடுப்பு மூட்டுக்கும் தொடைக்கும், எட்டு முழங்காலுக்கும் கீழ்க்காலுக்கும், ஒன்பது பாதத்துக்கு. அதற்கடுத்த இலக்கம் காயத்தின் வகை. அங்கே இரண்டு என்றால் எந்த உறுப்பாயினும் எலும்பு முறிவே. எஸ் 02 மண்டையோடு. எஸ் 52 முன்கை. எஸ் 72 தொடையெலும்பு.

புள்ளிக்குப் பின் வரும் இலக்கம் முறிந்த இடத்தைச் சொல்லும். சுழியம் கழுத்து, ஒன்று புடைப்புகளின் பகுதி, இரண்டு புடைப்புகளுக்குச் சற்றுக் கீழ், மூன்று நடுத்தண்டு, நான்கு முழங்காலை அடுத்த கீழ்நுனி. பல இடங்களில் முறிந்தால் ஏழு. ஒன்றும் குறிப்பிடாமல் தொடையெலும்பு முறிவு என்று மட்டும் எழுதினால் ஒன்பது. மகன் சொன்ன இடுப்பு என்ற சொல்லை இலிகிதர் அப்படியே பெயர்த்துவிட்டால், குறியீடு எழுபதுகளை விட்டு முப்பதுகளுக்குத் தாவிவிடும். மூதாட்டியின் முறிவு இடுப்புக்கூட்டு முறிவாக மாறி, கணக்கும் பிழைத்துப்போகும்.

எவ்வாறு நேர்ந்தது என்பதற்கு வேறு எழுத்துகள் உள்ளன. ஒரே மட்டத்தில் வழுக்கியோ இடறியோ விழுந்தால் டபிள்யு 01. கட்டிலிலிருந்து விழுந்தால் டபிள்யு 06. படிக்கட்டில் விழுந்தால் டபிள்யு 10. மரத்திலிருந்து விழுவதற்கும் தனியாக ஓர் எண் உண்டு. அது டபிள்யு 14. விடியற்காலையில் மட்டையை மிதித்துப் பனையேறும் தொழிலாளி ஒருவர் தவறி விழுந்து தொடைத் தண்டு முறிந்தாரென்றால், ஜெனீவாவில் அச்சான புத்தகத்திலே அவருக்கும் ஓரிடம் இருக்கின்றது. மூதாட்டியின் வீழ்ச்சிக்கும் இளைஞரின் மோட்டார் சைக்கிள் விபத்துக்கும் முறிந்த எலும்பு ஒன்றே. தடுக்கும் வழிகளோ முற்றிலும் வேறு. முன்னதற்குப் பாசி நீக்கிய தரையும் கைபிடியும் வேண்டும். பின்னதற்கு வீதி ஒழுங்கு வேண்டும். இரண்டாவது எண் இல்லையேல் இவ்விருவரையும் பிரித்தறிய வழியில்லை.

இத்துணைச் சிறப்பிருந்தும், இந்த எண்களுக்குள்ளே தீராத வழக்கு ஒன்று இருக்கின்றது. நின்ற நிலையிலிருந்து விழும் வாலிபருக்கு எலும்பு முறிவதில்லை, மூதாட்டிக்கு முறிகின்றது. அப்படியாயின் எலும்பை முறித்தது தரையா, எலும்பின் நலிவா? முதுமையில், சிறப்பாகப் பெண்களுக்கு மாதவிடாய் நின்றபின், எலும்பு அடர்த்தி குன்றிச் செல்லரித்த மரம்போல் ஆகிவிடும். இதனை எலும்புத் துளைநோய் என்பர். இந்நோயால் நேரும் முறிவுக்கு எம் 80 என்ற வேறு எண் உண்டு. அது காயங்களின் அத்தியாயத்தில் இல்லை. எலும்பு தசை நோய்களின் அத்தியாயத்தில் இருக்கின்றது. இந்நோய் உள்ளவர் என்று தெரிந்த ஒருவர், நல்ல எலும்பை முறிக்காத சிறு வீழ்ச்சியால் முறிவுற்றால், எஸ் எண்ணை விட்டு எம் எண்ணையே இடவேண்டும் என்பது அமெரிக்க ஐக்கிய நாடுகளின் விதி. ஆனால் நோய் உண்டென்று எழுதுவதற்கு முன்னரே அது தேடப்பட்டிருக்க வேண்டும். தேடாதவிடத்து மூதாட்டி எஸ் எண்ணிலேயே நின்றுவிடுவார். முறிவுக்குச் சிகிச்சை கிடைக்கும், நலிந்த எலும்புக்குக் கிடைக்காது. அடுத்த வீழ்ச்சியில் மற்றக் காலும் முறியக்கூடும். ஓர் எழுத்து மாறுவதிலே எத்தனை பெரிய பொருள் அடங்கியிருக்கின்றது பாருங்கள்.

அளவுக்கு மீறிய நுட்பமும் இடர் தரும். அமெரிக்கர் 2015 ஒக்டோபர் முதல் வழங்கும் விரிந்த பதிப்பிலே தொடையெலும்பு முறிவுக்கு ஏழு இடங்கள் கொண்ட குறியீடு உண்டு. வலமா இடமா, துண்டுகள் விலகினவா இல்லையா என்பனவெல்லாம் அதில் அடங்கும். ஏழாவது இடத்தில் மட்டும் பதினாறு எழுத்துகளுள் ஒன்று நிற்கலாம். முதற் சிகிச்சையா, பின் வரவா, பொருந்தத் தாமதமா, பொருந்தவே இல்லையா என்று அவை சொல்லும். அங்கே ஆசுபத்திரிக்குரிய கட்டணமும் இக்குறியீட்டையே தழுவி நிற்பதால், எழுத்துப்பிழை பணப்பிழையாகவும் ஆகின்றது. 2019இல் ஏற்கப்பட்டு 2022 சனவரியில் நடைமுறைக்கு வந்த பதினோராவது திருத்தம் வேறு வழியைக் கண்டது. தொடையெலும்பு முறிவுக்கு என்சி 72 என்ற மூல எண்ணை வைத்து, வலம் இடம் போன்றவற்றைத் துணைக்குறிகளாகக் கோத்துக்கொள்ள அது இடமளிக்கின்றது. சொல்லோடு உருபு சேர்ந்து பொருள் விரிவதைப் போன்றது அம்முறை.

இத்தனை உழைப்பும் எதற்கு என்று கேட்பீர்களாயின், இரு கணக்குகளைச் சொல்வேன். 1990ஆம் ஆண்டில் உலகம் முழுவதிலும் இடுப்பு மூட்டருகே நேர்ந்த முறிவுகள் ஏறத்தாழ 16 இலட்சத்து 60 ஆயிரம் என்றும், மக்கள் நீண்டகாலம் வாழ்வதனால் 2050இல் அவை 62 இலட்சத்தைத் தாண்டக்கூடும் என்றும் 1992இல் ஆராய்ச்சியாளர் மதிப்பிட்டனர். பல நாடுகளும் ஒரே எல்லையை வைத்து எண்ணியிராவிட்டால் இவ்வெச்சரிக்கையை எவரால் விடுத்திருக்க முடியும்?

மற்றது இன்னும் நெஞ்சுக்கு இதமானது. சுவீடன் நாட்டினர் 1988இல் இம்முறிவுக்கென்றே ஒரு பதிவேட்டைத் தொடங்கினர். பிரித்தானியர் 2007இல் அவ்வாறே தொடங்கினர். ஒவ்வோர் ஆசுபத்திரியும் எத்தனை மணி நேரத்துக்குள் சத்திர சிகிச்சை செய்தது, முதியோர் நல வைத்தியர் வந்து பார்த்தாரா, எலும்புத் துளைநோய் ஆராயப்பட்டதா என்பன பகிரங்கமாகப் பதியப்பட்டன. இங்கிலாந்தில் அப்பதிவேட்டிற் சேர்ந்த ஆசுபத்திரிகளில், முறிவுற்று முப்பது நாளுக்குள் இறந்தோர் 2007இல் நூற்றுக்கு 10.9 பேராக இருந்தனர், 2011இல் 8.5 பேராகக் குறைந்தனர். இவ்வுண்மையை அறிவதற்குத் துணைநின்றவை ஆசுபத்திரிப் பதிவேடுகளில் இலிகிதர்கள் இட்ட அதே குறியீடுகள். எண்ணப்பட்டவர்கள் கவனிக்கப்பட்டார்கள், கவனிக்கப்பட்டவர்களுட் பலர் பிழைத்தார்கள்.

நேயர்களே, எண் தானாக எதையும் அறியாது. வைத்தியர் எழுதியதை இலிகிதர் அறிவார். நோயாளியின் வீட்டார் சொன்னதை வைத்தியர் அறிவார். ஆகவே இச்சங்கிலியின் முதற்கண்ணி நம் கையிலேதான் இருக்கின்றது. வீட்டிலே முதியவர் ஒருவர் விழுந்துவிட்டால், இடுப்பு முறிஞ்சு போச்சு என்பதோடு நின்றுவிடாமல், எங்கே விழுந்தார், எதில் வழுக்கினார், எழும்போது தலைசுற்றிற்றா, முன்பும் ஒருமுறை சிறு வீழ்ச்சியில் எலும்பு முறிந்ததுண்டா என்பவற்றையும் வைத்தியரிடம் சொல்லுங்கள். அச்சொற்கள் அந்த ஒருவரின் சிகிச்சைக்கு உதவுவதோடு அமையாது, எண்ணாகி, பேரேட்டில் ஏறி, நாம் காணாத வேறோர் ஊரின் வேறொரு மூதாட்டியின் வீழ்ச்சியைத் தடுக்கவும் உதவும்.

முன்னூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன் இலண்டன் பட்டியலில் முதுமை என்ற ஒரு சொல்லுக்குள் கரைந்துபோன மூதாட்டி, இன்று தமக்கென ஓர் எண் பெற்றிருக்கின்றார். அவர் எங்கே முறிவுற்றார், எவ்வாறு முறிவுற்றார், எதனால் முறிவுற்றார் என்று உலகம் கேட்கின்றது. அக்கேள்விக்கு உண்மையான விடை அளிப்பது நம் கடமை. விடியுமுன் சென்று கிணற்றடிப் பாசியைச் சுரண்டிவிடுவதும் அக்கடமையின் ஒரு பகுதியே.